சீஸைக் குளிப்பாட்டியவள்

மாமி,

இன்று மத்தியானம் அடையாறில், மகள் வீட்டுச் சமையலறையில், அந்த வாசனை மறுபடியும் வந்தது. பச்சைப் பூண்டும் அதற்கு அடியில் ஈரச் சாக்கு மாதிரி ஒரு நெடியும். சாயங்காலம் வரப்போகும் விருந்தாளிகளுக்காக மகள் ஒரு கிண்ணத்தில் சீஸைப் போட்டு முள்கரண்டியால் மசித்துக்கொண்டிருந்தாள். வெள்ளைக் கட்டிக்குள் நீல நரம்புகள் ஓடின. ஒத்தாசை செய்யலாமே என்று கிட்டே போனேன். அவள் கிண்ணத்தை அந்தப் பக்கம் நகர்த்திவிட்டு, "அம்மா, நீ மட்டும் இதைத் தொடாதே. மறுபடியும் குளிப்பாட்டிடப் போறே" என்றாள். பேத்தி சிரித்தாள். கூடத்தில் பேப்பர் படித்துக்கொண்டிருந்த மாப்பிள்ளையும் சிரித்தார். இத்தனை வயதுக்குப் பிறகும் எனக்குக் காது சூடாகிவிட்டது. பூண்டு உரித்துத் தருகிறேன் என்று சொல்லி ஒரு மூலையில் போய் உட்கார்ந்துகொண்டேன். அங்கே உட்கார்ந்துதான் உங்களை நினைத்தேன்.

அபிராமபுரத்தில் உங்கள் வீட்டு மாடிக்கு நாங்கள் குடிவந்தது எழுபதுகளின் தொடக்கத்தில். கல்யாணமாகி ஒரு வருடம்கூட ஆகவில்லை. சாவியைக் கையில் கொடுக்கும்போது நீங்கள் சொன்ன நிபந்தனை ஒன்றுதான். "நீங்க சைவம்னு தெரியும். ஆனா பூண்டும் வேண்டாம்டி. அந்த வாசனை நேக்கு மண்டையைப் பிளந்துடும்." தென்காசியில் பூண்டு தட்டிப் போடாமல் ரசம் வைக்கத் தெரியாத வீட்டில் பிறந்தவள் நான். சரி மாமி என்று தலையாட்டிவிட்டு, மாடியில் வந்து அழுதேன். அது பூண்டுக்காக அழுத அழுகை இல்லை. எதற்கெடுத்தாலும் அழும் காலம் அது.

எதற்கெடுத்தாலும் வெட்கப்படும் காலமும் அதுதான். என் பேச்சைக் கேட்டு பஸ் கண்டக்டர் சிரித்தார் என்று லஸ் வரைக்கும் நடந்தே போய்வந்தேன். எங்கள் வீட்டு எவர்சில்வர் டம்ளரைப் பார்த்தால் வெட்கம், மடக்கு நாற்காலியைப் பார்த்தால் வெட்கம், இங்கிலீஷில் யாராவது வாயைத் திறந்தால் கதவுக்குப் பின்னால் போய்விடுவேன். என் கணவருடைய ஆபீஸ்காரர்கள் வந்தால் காபியைக் கொடுத்துவிட்டு உள்ளே ஓடிவிடுவேன். அவரும் அதைத்தான் விரும்பினார் என்று நினைக்கிறேன்.

நீங்கள் அப்படியில்லை. மாமா டில்லியில் உத்தியோகத்தில் இருந்தார். நீங்கள் தனியாளாக வீட்டைக் கட்டி ஆண்டுகொண்டு, பெண்கள் பள்ளிக்கூடத்தில் இங்கிலீஷ் நடத்தினீர்கள். குடையை ஊன்றி நீங்கள் தெருவில் நடந்தால் சைக்கிளில் போகிற பையன்கள் மணியடிக்கவும் பயப்படுவார்கள். யாரோடும் சண்டைக்கு நிற்கிற ரிக்‌ஷாக்காரர்கூட, "குந்து டீச்சரம்மா, நீ சொன்னா சரியாத்தான் இருக்கும்" என்று வண்டியைத் துடைப்பார். உங்களைப் பார்த்து ஒருவர் சிரித்து நான் கண்டதில்லை. என்னைப் பார்க்கும்போதெல்லாம், "ஏண்டி இப்படிக் கூனிக் குறுகிண்டு நிக்கறே, நிமிர்ந்து நில்லு" என்பீர்கள். நான் நிமிர்வேன். நீங்கள் திரும்பியதும் பழையபடி ஆகிவிடுவேன்.

அப்போதுதான் அந்த விருந்து வந்தது. அவருடைய கம்பெனிக்கு டென்மார்க்கிலிருந்து வந்திருந்த இன்ஜினியர் ஊருக்குத் திரும்புகிறார். வழியனுப்பும் விருந்து எங்கள் வீட்டில்தான் வேண்டும் என்று அவர் மனைவி கேட்டுவிட்டாள். ஒருமுறை என் தோசையைச் சாப்பிட்டதன் வினை. அவள் ஊரிலிருந்து வந்த சீஸ் கட்டி ஒன்றை ஈயத்தாளில் சுற்றிக் கொண்டுவந்து என் கையில் வைத்தாள். வெண்ணெயோடு மசித்து, துணியில் கட்டித் தொங்கவிட்ட தயிரைச் சேர்த்து, பூண்டை உப்போடு நசுக்கிக் கலந்து, மிளகு தூவி, பிஸ்கட்டின் மேல் தடவ வேண்டும் என்று கையால் செய்துகாட்டினாள். தன் அம்மா வீட்டில் விருந்தென்றால் முதலில் இதுதான் வருமாம். விருந்தன்று வரைக்கும் பிரிக்காமல் குளிரில் வை என்றாள். அவள் போனதும் என் கணவர் சொன்னது ஒன்றே ஒன்று. "இதையாவது ஒழுங்கா செய். மானத்தை வாங்கிடாதே."

தெருவிலேயே ஃபிரிட்ஜ் இருந்தது உங்கள் கூடத்தில் மட்டும்தான். மேலே பூப்போட்ட துணி விரித்து, உள்ளே பாலும் தயிரும் சாமிக்கு வைக்கிற கதம்பமும். அதற்குள் என் பொட்டலத்தை வைக்கலாமா என்று மெதுவாகக் கேட்டேன். பூண்டு விஷயத்தையும் அப்போதே சொல்லிவிட்டேன். நீங்களோ, "ஒருநாள்தானே. மொட்டை மாடியில வெச்சு நசுக்கு. நான் மூக்கைப் பொத்திண்டு வந்து உன் பார்ட்டியையும் நடத்திக் குடுக்கறேன்" என்றீர்கள். விருந்தாளிகளோடு இங்கிலீஷில் பேச வீட்டில் ஒரு ஆள் இருக்கிறது என்றதும் எனக்கு மூச்சு வந்தது.

விருந்துக்கு முதல் நாள் ராத்திரி கரண்ட் போய்விட்டது. காலையில் பொட்டலத்தை வாங்க வந்தேன். நீங்கள் தலைக்குக் குளித்து ஈரக் கூந்தலை முடிந்துகொண்டிருந்தீர்கள். வெள்ளிக்கிழமைகூட இல்லையே என்று நினைத்தேன். "பத்திரமா இருக்கு, எடுத்துண்டு போ" என்றீர்கள். பிரித்தால் வெள்ளை வெளேரென்று உதிரி உதிரியாக இருந்தது. சீஸ் என்றால் இப்படித்தான் போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டேன். அதற்கு முன் நான் அதைக் கண்ணால் பார்த்ததில்லை.

சாயங்காலம் எல்லோரும் வந்தார்கள். நீங்கள் அரக்குப் பட்டுப் புடவையில், மடக்கு நாற்காலியில் உட்கார்ந்து, அந்த இன்ஜினியரோடு சரிக்குச் சமமாகப் பேசிக்கொண்டிருந்தீர்கள். அந்த வீடே உங்களால் உயர்ந்துவிட்டது போல இருந்தது எனக்கு. பிஸ்கட் தட்டை நானே எடுத்துக்கொண்டு போனேன், முதல் தடவையாகக் கதவுக்குப் பின்னால் ஒளியாமல். ஆபீஸ்காரர்கள் இரண்டு மூன்று என்று எடுத்துத் தின்றார்கள். இன்ஜினியர் மனைவி மட்டும் ஒரு கடி கடித்துவிட்டு, மீதியைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். கோபமில்லை, குழப்பம்தான். இதில் நீலமாக நரம்பு மாதிரி ஓடுமே, அதில்தானே ருசியே இருக்கிறது, அது எங்கே போயிற்று என்று கேட்டாள். என் கணவர் அதைத் தமிழில் எனக்குச் சொன்னார்.

எனக்கு ஒன்றும் புரியவில்லை. வழக்கம்போல உங்களைப் பார்த்தேன். உங்கள் கையிலிருந்த டம்ளர் பாதி வழியில் நின்றிருந்தது. முகத்தில் ரத்தமே இல்லை. ஈரக் கூந்தல் ஞாபகம் வந்தது. பருப்பில் ஒரு கல் விடாமல் பொறுக்குகிற உங்கள் விரல்கள் ஞாபகம் வந்தன. நீங்கள் ஏதோ சொல்ல வாயைத் திறந்தீர்கள்.

"நாந்தான் எடுத்துட்டேன்" என்றேன். "பூஞ்சைன்னு நெனச்சு சுரண்டிட்டேன்."

அவர் அதை இங்கிலீஷில் சொன்னார். வேறு வழியில்லை அவருக்கு. அறையே சிரித்தது. அந்த அம்மாள் கண்ணில் நீர் வரச் சிரித்து என்னைக் கட்டிக்கொண்டாள். கணக்குப் பிரிவுக்காரர் ஒருவர், "சுரண்டினதோட விட்டீங்களா, இல்ல குளிப்பாட்டி சாம்பிராணியும் போட்டீங்களா?" என்றார். மறுபடியும் சிரிப்பு. என் கணவரும் சிரித்தார், பல்லால் மட்டும். தட்டை எங்கே வைப்பது என்று தெரியாமல் கையிலேயே வைத்துக்கொண்டு நின்றேன். நீங்கள் மட்டும் சிரிக்கவில்லை. தலைவலி என்று சொல்லிவிட்டு இறங்கிப் போய்விட்டீர்கள்.

மறுநாள் பள்ளிக்கூடம் விட்டு வந்ததும் குடையைக்கூட வைக்காமல் மாடியேறி வந்தீர்கள். நின்றுகொண்டே சொன்னீர்கள். "கார்த்தால ஃபிரிட்ஜைத் திறந்தா ஒரே நாத்தம். பிரிச்சா பச்சையும் நீலமுமா பூத்திருக்கு. என் ஆத்துல வெச்ச சாமான் கெட்டுப்போச்சேன்னு நேக்கு அவமானமா போயிடுத்துடி. உன்கிட்ட சொன்னா நீ செத்தே போயிடுவே. அதான் தலை ஊசியால ஒவ்வொண்ணா நோண்டி எடுத்தேன். பச்சைத் தண்ணில அலம்பினேன். துணியில ஒத்தி வெச்சுட்டு, குமட்டல் தாங்காம தலைக்கு ஸ்நானம் பண்ணினேன்."

பிறகு, "உங்காத்துக்காரர் வரட்டும், நான் சொல்லிடறேன்" என்றீர்கள். வேண்டாம் மாமி என்றேன். ஏன் என்று கேட்டீர்கள். எனக்குப் பதில் சொல்ல வரவில்லை. இப்போது வருகிறது. வெட்கப்படுவதில் எனக்குப் பழக்கம் இருந்தது, உங்களுக்கு இல்லை. அவ்வளவுதான். பெரிய தியாகமெல்லாம் செய்ததாக நான் நினைத்ததில்லை. சொல்லப்போனால், சொன்ன மறு நிமிடமே ஏன் சொன்னோம் என்று இருந்தது. அவர் என்னோடு சரியாகப் பேச நாலைந்து நாள் ஆயிற்று.

படி இறங்கப் போனவர் பாதியில் நின்று, என் முகத்தைப் பார்க்காமல், "இனிமே மாடியில பூண்டு வதக்கிக்கோ" என்றீர்கள். அந்த வாரமே பூண்டுக் குழம்பு வைத்தேன். வதக்கும்போது எட்டிப் பார்த்தேன். கீழே ஜன்னலோரம் பரீட்சைப் பேப்பர் திருத்திக்கொண்டிருந்தீர்கள். இருமினீர்கள். முந்தானையால் மூக்கைத் துடைத்தீர்கள். ஜன்னலை மட்டும் சாத்தவில்லை. நாங்கள் வீடு மாறும்வரை ஒருநாளும் சாத்தவில்லை. நீங்கள் இருமும் சத்தம் கேட்டு நான் பூண்டைக் குறைத்தேன். நீங்கள் மேலே பார்த்து, "என்னடி, இன்னிக்கு வாசனையே காணோம்" என்று அதட்டுவீர்கள்.

அந்தக் கதை என்னோடே வந்தது. ஆபீஸ் கல்யாணங்களில், தி.நகர் ஜவுளிக்கடை வாசலில், உங்கள் வீட்டுக் கொலுவில்கூட யாராவது, "சீஸைக் குளிப்பாட்டினது நீங்கதானே?" என்பார்கள். நீங்கள் பக்கத்தில் இருந்தால் உங்கள் கை என் கையைத் தேடி வரும். சில்லென்று இருக்கும். பின்னாளில் என் கணவரே அதை நாலு பேரிடம் சிரித்துச் சிரித்துச் சொன்னார். குழந்தைகள் அதைக் கேட்டே வளர்ந்தார்கள்.

நீங்கள் கண்ணை மூடுவதற்குச் சில மாதங்கள் முன்பு மகளோடு உங்களைப் பார்க்க வந்தேன். சாய்வு நாற்காலியில் இருந்தீர்கள். உடம்புதான் தளர்ந்திருந்தது, நர்ஸ் பேசிய இங்கிலீஷை அப்போதும் திருத்தினீர்கள். திடீரென்று மகளைக் கூப்பிட்டு, "உங்கம்மா ஒண்ணுமே பண்ணலேடி. அன்னிக்கு சுரண்டினது நான்" என்றீர்கள். அவள் உங்கள் கையைத் தடவிக் கொடுத்து, "சரி மாமி, நீங்கதான்" என்றாள், தூங்க அடம்பிடிக்கிற குழந்தையிடம் பேசுகிற குரலில். "நெசமாத்தான்டி, மாமிதான் செஞ்சாங்க" என்றேன். அவள் என்னைப் பார்த்து, நல்ல காரியம் செய்தாய் என்பதுபோல் கண்ணைச் சிமிட்டினாள். ஆட்டோவில் திரும்பும்போது, "பாவம், உன் கதையெல்லாம் தன் கதைன்னு நெனைச்சுக்கறாங்க. நீயும் ஆமான்னு சொன்னே பாரு, அது நல்லது" என்றாள். இல்லையென்று அடையாறு வரும்வரை சொல்லிப் பார்த்தேன். தோளில் தட்டிக் கொடுத்தாள்.

அவள் உங்கள் கையைத் தடவி அப்படிப் பேசியபோது நீங்கள் என்னைப் பார்த்துச் சிரித்தீர்கள். "போறதுடி, அந்தக் கதை உன்னோட ஒட்டிண்டுடுத்து. உன்கிட்டயே இருக்கட்டும்" என்றீர்கள். ஆனால் உங்களைக் குழந்தையாக்கி ஒருவர் பேசியதைக் கேட்டு நான் குன்றிப்போனேன் மாமி. அன்றைய விருந்தில் அத்தனை பேர் சிரித்தபோதுகூட அப்படி ஆகவில்லை. அந்த ஒன்றை மட்டும் என்னால் உங்களுக்காக வாங்கிக்கொள்ள முடியவில்லை.

இன்று சாயங்காலம் விருந்தாளிகள் வந்தார்கள். பிஸ்கட்டில் நீலம் நன்றாகவே தெரிந்தது. ஒன்றைத் தின்று பார்த்தேன். உங்களுக்குக் குமட்டியதில் ஆச்சரியமில்லை. எதிர்பார்த்தபடியே மகள், "எங்கம்மா ஒரு தடவை என்ன பண்ணினாங்க தெரியுமா?" என்று ஆரம்பித்தாள். எல்லோரும் என் பக்கம் திரும்பினார்கள். காது சூடானது.

"ஆமா" என்றேன். "தலை ஊசியால ஒவ்வொண்ணா நோண்டி எடுத்தேன். பச்சைத் தண்ணியில அலம்பினேன். துணியில ஒத்தி வெச்சுட்டு, குமட்டல் தாங்காம தலைக்குக் குளிச்சேன்."

மகள் சிரிப்பை நிறுத்திவிட்டு, "தலைக்குக் குளிச்சியா? இதை நீ சொன்னதே இல்லையேம்மா" என்றாள்.