ஆறாம் தூணின் பட்டி

மட்டாஞ்சேரி
மே 18, ஞாயிறு

அன்பு மகள் செல்வலட்சுமிக்கு அப்பா ஆசீர்வாதத்துடன் எழுதுவது. இங்கே நானும் அம்மாவும் சாப்பிட்டு, தூங்கி, எழுந்து நடமாடிக்கொண்டிருக்கிறோம். எனக்கு முழங்கால் வலி, அவளுக்கு என் மேல் கோபம், இரண்டும் வழக்கமானதுதான், மற்றபடி சுகம். நார்வேயில் அந்தக் குளிரில் நீயும் சுகமாக இருக்க வேண்டும் என்று தினமும் அம்மனிடம் சொல்லிக்கொண்டுதான் இருக்கிறேன். நீ மலையாளப் பள்ளிக்கூடத்தில் படித்த பிள்ளை, தமிழை எழுத்துக்கூட்டித்தான் வாசிப்பாய், அதனால் பெரிய எழுத்தாக எழுதுகிறேன், அவசரப்படாமல் வாசி. இதைப் போனில் சொல்லக்கூடாதா என்று கேட்பாய். போனில் நான் ஒன்று சொல்ல ஆரம்பித்தால் நீ மூன்று கேள்வி கேட்பாய், நான் பேச்சை மாற்றி மழை வந்ததா வெயில் வந்ததா என்று போய்விடுவேன். கடிதத்தில் அப்படி நழுவ முடியாது.

ஊர்ச் செய்தி பெரிதாக ஒன்றும் இல்லை. தை மாத வேலியேற்றத்தில் கடல் ஏறிக் காயல் தண்ணீர் வீட்டுக்குள் வந்ததே, அந்த உப்பு ஏறின சுவர் இன்னும் காயவில்லை, காரை உதிர்ந்துகொண்டே இருக்கிறது. ஊருக்கெல்லாம் பாலம் கட்டுகிறவன் வீட்டுச் சுவரைப் பார் என்று பக்கத்து வீட்டு ஷபானா சிரிக்கிறாள். அம்மா பழையபடி சுக்கு குடோனுக்குப் போய் வருகிறாள். இந்த வயதில் எதற்கு என்று கேட்டால், ரெண்டு பேரும் பகல் முழுக்க ஒரே வீட்டில் இருந்தால் சண்டைதான் வரும் என்கிறாள். ஆமாம், நான் ஒரு வாரமாக வீட்டில்தான் இருக்கிறேன், வேலைக்குப் போகவில்லை. உடம்புக்கு ஒன்றும் இல்லை, பயப்படாதே, அதைச் சொல்லத்தான் உட்கார்ந்திருக்கிறேன்.

போன ஞாயிற்றுக்கிழமை நீ போனில் பேசியது மனதை விட்டுப் போகவில்லை. நீ டிசைன் பண்ணின மரப்பாலத்தை அடுத்த மாதம் திறக்கிறார்கள் என்றாய். நெடுஞ்சாலையில், லாரி போகிற பாலத்தை மரத்தில் கட்டுகிறார்கள் என்பதை நான் இன்னும் முழுசாக நம்பவில்லை, என்னோடு வேலை செய்கிற முத்துவேலிடம் சொன்னபோது அவன் என்னை ஒரு மாதிரிப் பார்த்தான். அது கிடக்கட்டும். அங்கே வயசான ஃபோர்மேன் ஒருத்தர் இருக்கிறார், போல்ட்டை எல்லாம் மறுபடி முறுக்கியாச்சா என்று கேட்டால் ஆச்சு ஆச்சு என்கிறார், அப்பா வயசு ஆளிடம் திரும்பத் திரும்பக் கேட்கக் கூச்சமாக இருக்கிறது என்றாய். நான் அப்போது உம் கொட்டினேனே தவிர பதில் சொல்லவில்லை.

ஆலுவா தாண்டி நாங்கள் கட்டின பாலம் உனக்குத் தெரியும், படம் அனுப்பியிருக்கிறேன். தூண் கான்கிரீட், அதன் மேல் இரும்புக் கர்டர், கர்டர் மேல் கான்கிரீட் தளம். கர்டருக்கும் தூணுக்கும் நடுவே பேரிங். இரும்பு வெயிலில் நீளும், குளிர்ந்தால் சுருங்கும், அதற்கு வழி விடத்தான் பேரிங் வைக்கிறோம். உனக்கு நான் சொல்லித்தர வேண்டியதில்லை, ஆனால் முதலிலிருந்து எழுதினால்தான் எனக்குக் கோர்வையாக வருகிறது. அந்த பேரிங் லாரியில் வரும்போது மேல் தகடும் கீழ்த் தகடும் நகராமல் இருக்க நான்கு போல்ட் போட்டு ஒரு பட்டி மாட்டி அனுப்புவார்கள். கர்டர் உட்கார்ந்து அடியில் போட்ட காரை இறுகினதும் அந்தப் பட்டியைக் கழற்றிவிட வேண்டும். இல்லாவிட்டால் பேரிங் இருந்தும் பிரயோஜனம் இல்லை, கர்டர் நீளும்போது தூணைப் பிடித்து இழுக்கும். ஐந்து தூணில் கழற்றிவிட்டோம். ஆறாம் தூணில் கழற்ற வேண்டிய நாள் ஆயுத பூஜை.

நம் ஆட்கள் வழக்கம் உனக்குத் தெரியும். ஸ்பேனர், சுத்தியல், ஜாக்கி எல்லாவற்றையும் கழுவிச் சந்தனம் குங்குமம் வைத்துச் சாமி முன்னால் அடுக்கிவிட்டோம். அப்போது சைட் என்ஜினியர் சுபாஷிணி வந்தாள். திருப்பூணித்துறைப் பெண், வீட்டில் தமிழ் பேசுகிறவர்கள், உன்னைவிட ஆறேழு வயது இளையவள். அண்ணாச்சி, ஆறாம் தூண்ல அந்தப் பட்டி மாத்திரம் பாக்கியாக்கும், இன்னைக்கே எடுத்திரலாமே என்றாள். பூஜைக்கு வெச்ச ஆயுதத்தை இன்னைக்குத் தொடக் கூடாதும்மா, நாளைக்கு எடுத்ததும் முதல் வேலை அதான் என்றேன். அவளும் சரி என்று பொரி வாங்கிக்கொண்டு போனாள். மறுநாள் காலையில் கற்பூரம் காட்டி ஆயுதத்தை எடுத்தோம். எடுத்தவுடன் எல்லோருக்கும் ஊருக்குப் போகிற அவசரம். முத்துவேல் கழற்றியிருப்பான் என்று நான் நினைத்தேன், அண்ணன் கழற்றியிருப்பார் என்று அவன் நினைத்தான், பதினாலு பேரும் சாயங்காலம் ரயில் ஏறிவிட்டோம்.

அதற்கு அடுத்த நாள் நான் சங்கரன்கோவிலில் உன் அத்தை வீட்டில் இலையில் உட்கார்ந்திருந்தபோது சுபாஷிணி போன் பண்ணினாள். பட்டி கழற்றியாச்சா என்றாள். ஆச்சு என்றேன். ரிஜிஸ்டரில் எழுதணும், ஒரு படம் இருந்தா அனுப்புங்க அண்ணாச்சி என்றாள். எனக்குச் சுள்ளென்று வந்தது. சுற்றி உட்கார்ந்திருந்த சொந்தக்காரர்கள் வேறு என் வாயைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். என் மக நார்வேயில பாலம் டிசைன் பண்ணுதவ, பேரிங்கைப் பத்தி எனக்கு நீ சொல்லிக் குடுக்கியா, முப்பது வருஷம் பாலத்துல நின்னவன்கிட்டப் படம் கேக்கியா என்று சொன்னேன். அந்தப் பெண் மன்னிச்சிருங்க என்று சொல்லிப் போனை வைத்தாள். என் பேச்சை நம்பிக் கையெழுத்துப் போட்டாள். நாங்கள் திரும்பி வருவதற்குள் பெயிண்ட் அடிக்கிறவர்கள் வந்து பேரிங், பட்டி எல்லாவற்றுக்கும் சேர்த்து ஒரே சாம்பல் நிறமாக அடித்துவிட்டுப் போய்விட்டார்கள். அதன் பிறகு யார் பார்த்தாலும் அது பேரிங்கோடு பிறந்தது மாதிரிதான் தெரியும்.

ஏப்ரல் வெயிலில் ஆறாம் தூணின் தலையில் விரிசல் விட்டது. பெரிய விரிசல் இல்லை, ஆனால் அதற்குள் திறந்துவிட்டார்கள், வாகனம் போகிற பாலம். மேலிடத்து ஆட்கள் வந்து பெயிண்டைச் சுரண்டிப் பார்த்தார்கள், பட்டி இருந்தது. ரிஜிஸ்டரை எடுத்தார்கள், கழற்றியதாகச் சுபாஷிணி கையெழுத்து. வேலையை விட்டு ஏன் நீக்கக்கூடாது என்று கேட்டு அவளுக்குக் கடிதம் கொடுத்தார்கள். அவள் என் பெயரைச் சொல்லவில்லை. பார்க்காமல் கையெழுத்துப் போட்டது நான்தான் என்று மட்டும் சொன்னாளாம். நானும் சொல்லவில்லை. மூன்று நாள் அவள் கண்ணில் படாமல் பாக்கி இருந்த வேலையைப் பாலத்தின் அந்தப் பக்கமே செய்தேன். சொன்னால் அடுத்த பாலத்து வேலை நம் ஆட்களுக்குக் கிடைக்காது, பதினாலு குடும்பம், அதனால்தான் சும்மா இருக்கிறேன் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். அது பாதிதான் உண்மை. எனக்கு வெட்கமாக இருந்தது.

மூன்றாம் நாள் நான் சோற்றைப் பிசைந்துவிட்டு எழுந்ததைப் பார்த்து அம்மா கேட்டாள், சொன்னேன். அவள் அந்தக் காலத்தில் கான்கிரீட்டுக்குத் தண்ணீர் ஊற்றின கை, உனக்குத் தெரியும். நான் ஒரு நாள் தண்ணி ஊத்தாம ஊத்தினேன்னு சொல்லியிருந்தா நீங்க என்னை என்ன பாடு படுத்தியிருப்பீங்க என்றாள். தட்டை எடுத்துக்கொண்டு உள்ளே போய்விட்டாள். மறுநாள் காலை பஸ், மெட்ரோ பிடித்து ஆலுவா போய் ஆபீஸில் எழுதிக் கொடுத்தேன். கழற்றவில்லை, கழற்றியதாகச் சொன்னது நான், படம் கேட்டபோது அதட்டியதும் நான் என்று.

விரிசலை அடைக்க மருந்து ஏற்றுவதற்கு முன்னால் பட்டியைக் கழற்ற வேண்டும். அதை நானே செய்கிறேன் என்று கேட்டு வாங்கினேன். ஒரு பக்கம் வண்டியை நிறுத்தி, ஜாக்கி வைத்துக் கர்டரை நூலளவு தூக்கினார்கள். பெயிண்ட் இறுகி போல்ட் லேசில் வரவில்லை, தோள்பட்டை விட்டுப்போயிற்று. நாலாவது போல்ட் வந்ததும் கர்டர் முனகிக்கொண்டு ஒரு விரல் கனம் நகர்ந்தது. பந்தியில் சாப்பிட்டு எழுந்தவன் வேட்டியைத் தளர்த்திவிட்டுக்கொள்கிற மாதிரி இருந்தது. நான் கீழே இறங்கி, ஆச்சும்மா என்றேன். சுபாஷிணி ஏணியில் கால் வைத்தாள். நான் ஏணியைப் பிடித்துக்கொண்டேன். மேலே போய் நாலு ஓட்டையிலும் விரல் விட்டுப் பார்த்து, படம் எடுத்து, இறங்கி வந்து எழுதினாள். பிறகு உங்க மகளுக்கு இது அறியுமா அண்ணாச்சி என்று கேட்டாள். இல்லை, எழுதுகிறேன் என்றேன்.

அவள் வேலை தப்பியது, ஒரு எச்சரிக்கைக் கடிதத்தோடு. அடுத்த பாலம் வேறு ஆட்களுக்குப் போய்விட்டது. முத்துவேல் என்னோடு பேசுவதில்லை. அவனும் மற்றவர்களும் தேவராவில் ஏதோ கட்டட வேலைக்குப் போகிறார்கள், என்னைக் கூப்பிடவில்லை, கூப்பிட வேண்டும் என்று நான் நினைக்கவும் இல்லை. சத்தியம் சொன்னால் மனசு லேசாகும் என்பார்கள், எனக்கு அப்படி ஒன்றும் ஆகவில்லை, அலுப்பாகத்தான் இருக்கிறது. ஆனால் தூண், விரிசல், வேலை எல்லாவற்றையும்விட எனக்கு உறுத்துவது ஒன்றுதான். நீ கஷ்டப்பட்டுச் சம்பாதித்த பெயரைச் சொல்லி, உன்னை மாதிரியே ஒரு பெண்ணின் வாயை அடைத்தேன். அவள் கேட்டது சரியான கேள்வி. நீ அந்த இடத்தில் இருந்தாலும் அதையேதான் கேட்டிருப்பாய். அதற்காக உன்னிடம் மன்னிப்புக் கேட்கிறேன்.

அதனால் அந்தப் பெரியவரிடம் கூச்சப்படாமல் கேள். அவர் நல்லவராகவே இருப்பார், நானும் கெட்டவன் இல்லை. உன் அப்பா மாதிரி ஆள் என்பதாலேயே கேள். கோபப்பட்டால் படட்டும், இரண்டு நாளில் ஆறிவிடும். புது மரம் காயக் காயச் சுருங்கும், போல்ட் தளரும், அது கான்கிரீட்டுக்குப் பலகை அடித்த எனக்கே தெரியும். குளிருக்குக் காது மூடிப் போ, ஏணியை ஒருத்தரைப் பிடிக்கச் சொல், ராத்திரி சாப்பாட்டைத் தள்ளிப்போடாதே. அம்மா உனக்கு மிளகும் சுக்குப் பொடியும் கட்டி வைத்திருக்கிறாள், தனியாக அனுப்புகிறோம். நீ கட்டுகிற பாலமெல்லாம் நீண்ட நாள் நிற்கட்டும், நீ அதைவிட நீண்ட நாள் நன்றாக இரு.

மறக்காமல் ஒன்று. திறப்பதற்கு முன்னால் பாலத்துக்கு அடியில் நீயே போய் ஒவ்வொரு போல்ட்டிலும் கை வைத்துப் பார்த்துவிட்டு எனக்குப் படம் அனுப்பு. பார்த்தாச்சு அப்பா என்று வாயால் சொன்னால் நான் ஒத்துக்கொள்ள மாட்டேன்.

இப்படிக்கு,
உன் அப்பா
சுப்புராஜ்