ஹேசல்கோம்பின் ஏழாவது நாற்காலி

ஸ்ரீபெரும்புதூர் அருகில்
18.8.2013

என் அன்பு மகள் கலைமதிக்கு அம்மா எழுதுவது. நான் சௌக்கியம், சர்க்கரையும் ரத்த அழுத்தமும் இப்போதைக்குச் சொன்ன பேச்சைக் கேட்கின்றன. நீயும் மாப்பிள்ளையும் குட்டியும் அந்த ஊரில் கிடைக்கிற கொஞ்ச நாள் வெயிலை வீணாக்காமல் வெளியே நடமாடி நலமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். ஞாயிற்றுக்கிழமைதோறும் போனில் பேசுகிறோமே, கடிதம் எதற்கு என்று கேட்பாய். போனில் நீ "பார்க்கலாம்மா" என்று சொல்லி வைத்துவிடுகிறாய். கடிதத்தை அப்படி வைத்துவிட முடியாது.

விஷயம், உன் இங்கிலாந்து ஊரின் பாரிஷ் கவுன்சிலில், அதாவது அந்த ஊராட்சி மன்றத்தில், காலியாக இருக்கும் அந்த ஏழாவது இடம். போட்டியிட ஆள் இல்லாததால் கவுன்சிலே ஒருவரைச் சேர்த்துக்கொள்ளலாம் என்றும், செயலாளர் மிசஸ் பார்டன் வீடு தேடி வந்து உன்னைக் கேட்டார் என்றும், செப்டம்பர் கூட்டத்துக்குள் பதில் சொல்ல வேண்டும் என்றும் சொன்னாய். அதோடு நிறுத்தினாயா? "நான் வெளியூர்க்காரிம்மா, எட்டு வருஷமா என் பேரையே அவங்களுக்குச் சரியாச் சொல்ல வரல, நான் போய் அவங்க ஊரை நிர்வாகம் பண்றதா" என்று முனகினாய். நீ அனுப்பிய உன் ஊர் ஹேசல்கோம்பின் சரித்திரப் புத்தகத்தை நான் இரண்டு முறை வாசித்துவிட்டேன், நீ ஒரு முறையாவது வாசித்தாயா என்று தெரியவில்லை. அந்த ஊர் சர்ச் கட்டடத்தைக் கட்டியவர்கள் கடல் தாண்டி வந்த நார்மன்கள். ஆற்றங்கரையில் கம்பளி நெய்து ஊருக்குப் பணம் கொண்டுவந்தவர்கள் பெல்ஜியம் பக்கத்து ஃபிளாண்டர்ஸ்காரர்கள். பள்ளிக்கூடத்தைப் பெரிதாக்கிய தலைமையாசிரியை வேல்ஸிலிருந்து வந்தவர். அந்த ஊரில் வெளியூர்க்காரர் அல்லாதவர் யார் என்று தேடினால் ஆடுகள்தான் மிஞ்சும், அவற்றையும் ஸ்காட்லாந்திலிருந்து ஓட்டி வந்ததாக அதே புத்தகத்தில் போட்டிருக்கிறது. 1894-ல் ஊர் மன்றச் சட்டம் வரும்வரை பாதிரியாரும் பெரிய பண்ணைக்காரரும் சர்ச்சின் பின்னறையில் உட்கார்ந்து ஊர் விவகாரத்தை முடித்துவிடுவார்களாம். முதல் தேர்தலில் எல்லோரும் கையைத் தூக்கியபோது துணி வெளுத்துப் பிழைத்த ஒரு விதவை உறுப்பினராகிவிட்டாள். பண்ணைக்காரர் அடைத்து வைத்திருந்த நடைபாதையைத் திறக்க வைத்தது அவள்தான். போன வருஷம் நான் வந்தபோது நீ என்னைத் தினமும் நடக்கக் கூட்டிப்போனாயே, அதே பாதை.

அப்போது ஒரு கூட்டத்திலும் பின்வரிசையில் உட்கார்ந்து பார்த்தேனே, நினைவிருக்கிறதா? மரப்பெஞ்சைக் குளத்தைப் பார்த்துப் போடுவதா, சர்ச் பக்கம் பார்த்துப் போடுவதா என்று தேநீர் ஆறும்வரை பேசினார்கள். எனக்குச் சிரிப்பு வந்தது, கான்வென்ட்டில் படித்த புண்ணியத்தில் அடக்கிக்கொண்டேன். ஆனால் ஒருவர் பேசி முடிக்கும்வரை மற்றவர் வாய் திறக்கவில்லை. தோட்ட வேலைக்கு வந்து வாடகைக்கு இருக்கும் போலந்துக்காரர் ஒருவர் தன் சந்துக்கு விளக்கு கேட்டார், அதையும் மரியாதையாகக் குறித்துக்கொண்டார்கள். அது எனக்குப் பிடித்திருந்தது. பிஸ்கட் நமுத்துப் போயிருந்தது, நீ உறுப்பினரானால் அதைக் கவனி.

இனி இங்கே நடந்ததைச் சொல்கிறேன், பொறுமையாகப் படி. நம் ஊராட்சிச் சட்டம் 1994-ல்தான் வந்தது, உங்களுக்கு நூறு வருஷம் பிந்தி, ஆனாலும் வந்ததல்லவா? சுதந்திர தினத்தன்று பள்ளிக்கூடத்தில் கிராம சபை கூடியது. நம் பின்கட்டு அறைகளில் வாடகைக்கு இருக்கும் பெண்களை உனக்குத் தெரியும், இருங்காட்டுக்கோட்டைப் பக்கம் தொழிற்சாலை வேலைக்குப் போகிறவர்கள், எல்லோரும் தெற்கத்திப் பிள்ளைகள். அவர்களில் சுகப்பிரியா, சங்கரன்கோவில் பெண், எழுந்து நின்று, "ஐயா, ரெண்டாம் ஷிப்ட் முடிஞ்சா கம்பெனி பஸ் எங்கள மெயின்ரோட்டுல எறக்கி விட்டுட்டுப் போயிருதுல்லா, அங்கேருந்து ரூமு வரைக்கும் ஒரே இருட்டாக் கெடக்கு, ரெண்டு லைட்டு போட்டுத் தந்தா நல்லாருக்கும்" என்று கேட்டது. உடனே நம் பங்காளி நாகப்பன், "இன்னாமே, ஓட்டு உங்க ஊர்ல கீது, லைட்டு மட்டும் எங்க ஊர்ல கேக்கிறியா" என்றான். சபையே சிரித்தது. அந்தப் பெண் முகம் சிவந்து உட்கார்ந்துவிட்டது. எனக்குப் பொறுக்கவில்லை. நான் எழுந்து, நாகப்பா, நீ தொழிற்சாலைக்கு நிலம் கொடுத்துவிட்டு அறை கட்டி வாடகை வாங்குவது இந்தப் பிள்ளைகளிடம்தானே, இருட்டில் நடப்பதற்கு மட்டும் அவர்கள் வேற்றூரா என்று கேட்டேன். ஹேசல்கோம்பில் போலந்துக்காரர் விளக்கு கேட்டதையும் சொன்னேன். அவன் விடவில்லை. "வெள்ளக்காரன் ஊரு கதைலாம் இங்க வாணாம் பெரிம்மா. அவ்ளோ நல்லவங்கன்னா நம்ம பொண்ணுக்கு அங்க மெம்பர் சீட்டு குடுப்பாங்களா, சொல்லு" என்றான். கொடுத்தாகிவிட்டது என்றேன். இந்தியப் பாஸ்போர்ட்டோடு என் மகள் அந்த ஊர் மன்றத்தில் ஏழாவது உறுப்பினர் என்று, கடைசி வரிசைக்கும் கேட்கும்படி சொன்னேன்.

அதற்கப்புறம் யாரும் சிரிக்கவில்லை. தலைவர் ரகுபதி அங்கேயே தீர்மானம் எழுதச் சொன்னார், இரண்டு கம்பம், இரண்டு விளக்கு. நேற்று குழி தோண்டிவிட்டார்கள். சுகப்பிரியா வந்து என் கையைப் பிடித்துக்கொண்டு, "ஆச்சி, அக்காவுக்கு நாங்கள்லாம் ரொம்ப நன்றி சொன்னோம்னு சொல்லிருங்க" என்றது. நாகப்பனோ டீக்கடையில், "எங்க கலைமதி லண்டன்ல மெம்பரு" என்று சொல்லிக்கொண்டு திரிகிறான், ஹேசல்கோம்ப் லண்டன் இல்லை என்று திருத்தியும் கேட்கவில்லை. காந்தி ஜெயந்திக்கு அடுத்த சபை. அதற்குள் நீ மன்றத்தில் உட்கார்ந்திருக்கும் புகைப்படம் ஒன்று வேண்டும், ஊராட்சி அலுவலகத்தில் மாட்ட வேண்டும் என்று ரகுபதி கேட்டிருக்கிறார்.

உன் அம்மா வாழ்நாளில் பொய் சொன்னவள் அல்ல என்பது உனக்குத் தெரியும். இதுவும் பொய் இல்லை, கொஞ்சம் முந்திச் சொன்னது, அவ்வளவுதான். அதை உண்மையாக்குவது உன் வேலை. இந்தக் கடிதம் கிடைத்த அன்றே மிசஸ் பார்டன் வீட்டுக்குப் போய்ச் சம்மதம் சொல்லிவிடு. பேர் சொல்ல வராவிட்டால் சொல்லிக் கொடு, குட்டிக்கு எத்தனை தரம் சொல்லிக் கொடுத்தாய். முதல் கூட்டத்தில் அதிகம் பேசாதே, இரண்டாவதிலிருந்து பேசு. யாராவது வாடகைக்காரர் வந்து கேட்டால் முதலில் அவர் பேச்சை எழுதிக்கொள்.

மற்றபடி தென்னை நன்றாகக் காய்க்கிறது. வல்லம் வடகாலில் உன் சித்தப்பா பேரனுக்குத் தொழிற்சாலையில் வேலை கிடைத்துவிட்டது, சூப்பர்வைசர் பேச்செல்லாம் இப்போதே பேசுகிறான். மாப்பிள்ளையை நேரத்துக்குச் சாப்பிடச் சொல். குட்டியைத் தமிழில் எழுதப் பழக்கு.

நீ எடுத்த காரியம் எல்லாம் நிமிர்ந்து நிற்கட்டும், உன் குடும்பம் குறைவில்லாமல் வாழட்டும்.

உன் அம்மா,
செங்கமலம்

புகைப்படத்துக்கு அந்த அரக்குக் கரைப் பட்டுப்புடவையைக் கட்டிக்கொள். உன் பெயர்ப்பலகை மேஜைமேல் தெளிவாகத் தெரிய வேண்டும், நாகப்பன் கண்ணாடி போட்டுக்கொண்டு பார்ப்பான்.