குறி போடாத மலைச்சிங்கம்

ஜனவரி 9

கேலப் நகரில் கார்டெலின் கடையில் கைப்பற்றிய சிலைகளில், டெல்வினின் குறி உள்ள எதுவும் கல்லே அல்ல. கல்தூளையும் பிசினையும் கலந்து அச்சில் வார்த்தவை. விசாரணை அதிகாரி ஓவர்பி இன்று காலை தொலைபேசியில் உறுதிசெய்தார். ஒன்றைப் பற்றி மட்டும் பேச மறுத்தார்: வயிற்றில் குறியே இல்லாத ஒரு மலைச்சிங்கம்.

டெல்வின் என் தம்பி. கல்லில் விலங்கு செதுக்குவது அவன் தொழில். விற்பனைக்குப் போகும் ஒவ்வொன்றின் வயிற்றிலும் ஒரு சோளக்கதிர் கீறுவான். அந்தக் கதிரைத்தான் கார்டெல் திருடியிருக்கிறான். எது தன் கை, எது இல்லை என்று டெல்வின் சொல்வதை நம்பித்தான் வழக்கே நிற்கிறது.

பெரியம்மா மகள் வெர்னா, முற்றத்து அடுப்பிலிருந்து ரொட்டி எடுத்துக்கொண்டே அந்தப் போலிகளின் படங்களைப் பார்த்தாள். "வால் தொங்குது பாரு. இது மலைச்சிங்கமாடி? எங்க வீட்டுச் சாம்பல்ல உருளுற பூனை."

மலைச்சிங்கத்தின் வால் முதுகின் மேல் படிந்திருக்க வேண்டும். எங்கள் ஜூனி ஊரில் இது யாருக்குத் தெரியாது? சிரித்தேன்.

ஜனவரி 11

கார்டெலிடம் நேரில் கேட்டேன். சீல் வைத்த கடையின் வாசலில் சாய்ந்துகொண்டு பதில் சொன்னான்: "குறி இல்லாத சிங்கத்த உன் தம்பிதாம்மா கொண்டாந்து வித்தான். கிறிஸ்துமஸுக்கு முந்தின நாள். மத்ததும் அவன் குடுத்த சரக்குதான்."

கிறிஸ்துமஸுக்கு முந்தின நாள்! தேஷ்க்வியின் நடுவில்! ஊரே நோன்பிருக்கும் நாள்கள் அவை. கொழுப்பு தொடமாட்டோம், சாம்பலை வெளியே கொட்டமாட்டோம், வாங்கமாட்டோம், விற்கமாட்டோம், குரல் உயர்த்திச் சண்டை போடமாட்டோம்.

"பொய் சொல்றவன் நம்ம நோன்பு எப்பன்னு கேட்டுட்டாவது சொல்லக்கூடாதா?" என்றாள் வெர்னா. சாயங்காலத்துக்குள் ஊர் முழுக்க இதே சிரிப்பு.

எங்கள் பத்திரிகையின் ஆசிரியர் ஹோல்டன் துள்ளிக் குதித்தார். "நோன்பு பிடிச்சுக் குடுத்த பொய்! இதுதான் தலைப்பு."

"நான் அவன் அக்கா. நான் எழுதக்கூடாது."

"அக்காங்கறதாலதான் நீ எழுதணும்."

எங்கள் நோன்பு அவருக்கு ஒரு தலைப்பு. அவ்வளவுதான்.

ஜனவரி 12

எழுதவில்லை. அடையாளம் காட்டச் சொல்லி, மலைச்சிங்கத்தின் படத்தை ஓவர்பி டெல்வினுக்கு அனுப்பியிருக்கிறார். அவன் தன்னுடையது இல்லை என்று சொல்லிவிட்டானாம். படத்தை எனக்கும் காட்டச் சொன்னேன். நாளை காட்டுகிறானாம்.

ஜனவரி 13

வால் முதுகின் மேல் படிந்திருக்கிறது.

செம்மஞ்சள் கல். இடது தோளில் ஒரு வெள்ளை நரம்பு, அதைக் காப்பாற்ற டெல்வின் அந்தத் தோளைக் கொஞ்சம் பள்ளமாக விட்டிருப்பான். மான் வேட்டைக்குப் போகும்போது கழுத்துத் தோல்பையில் அவனோடு போவது இதுதான். குறி எப்படி இருக்கும்? விற்பதற்குத்தானே குறி.

படத்தின் கீழே குறிப்பு: "வாய்ப் பகுதியில் வெளிர்மஞ்சள் தூள். இன்னதென்று தெரியவில்லை. ஆய்வுக்கு அனுப்பப்பட்டது."

அது சோள மாவு. அதற்கு நாங்கள் ஊட்டும் சாப்பாடு! சாப்பாட்டைச் சுரண்டி ஆய்வுக்கு அனுப்பியிருக்கிறார்கள். பிளாஸ்டிக் பையில் போட்டு எண் ஒட்டி— யார் மேல் கோபப்படுவது? இவர்களுக்குத் தெரியாது. தெரிந்தவனோ தன்னுடையது இல்லை என்கிறான்.

ஜனவரி 14

பட்டறைக்கே போனேன். அரைக்கும் சக்கரத்தை நிறுத்தச் சொன்னேன்.

"தோல்பையக் காட்டு."

"துவைக்கப் போட்டிருக்கேன்க்கா."

"தோல்பைய எவன்டா துவைப்பான்?"

கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டே இருந்தான். பிறகு சொன்னான். நோன்பு நாளில் எவனோ கார்டெல் கடை ஜன்னலைப் படம் எடுத்து அனுப்பியிருக்கிறான். வரிசையாகச் சோளக்கதிர் போட்ட பூனைகள். இவன் வண்டியை எடுத்துக்கொண்டு கேலப் போய்விட்டான்.

"கத்துனேன்க்கா. பையில இருந்து இத எடுத்து மேசைல வச்சு, கல்லுன்னா இதுடா, தொட்டுப் பாருன்னேன். காவலாளி கழுத்தப் புடிச்சு வெளிய தள்ளிட்டான். இது உள்ளயே நின்னுடுச்சு. திரும்பப் போனேன், கதவப் பூட்டிட்டாங்க. நோன்பு முடிஞ்சு போனா, கடைக்கு சீல்."

விற்கவில்லை. ஆனால் போயிருக்கிறான்.

"அப்ப ஏன்டா உன்னுது இல்லன்ன?"

"நோன்புல கடை ஏறினேன், சண்ட போட்டேன், அதையும் விட்டுட்டு வந்தேன். இத எந்த வாயால சொல்றது? நீயும் பேசாம இரு. கார்டெல் பொய்யன்னு ஊரே சிரிக்குது. கேஸ் நிக்கும்."

"கேஸ் முடிஞ்சதும் யாருதும் இல்லாத சரக்கையெல்லாம் நொறுக்கிடுவாங்கடா!"

அவனுக்கு அது தெரியாது. முகத்தைப் பார்த்ததுமே புரிந்தது. அப்போதும் எனக்கு ஆத்திரம் அடங்கவில்லை. "தன் பேரக் காப்பாத்த, பசியோட கிடக்குறத விட்டுட்டு உக்காந்திருக்க. நல்லா இரு!" என்று கத்திவிட்டு வந்தேன்.

ஜனவரி 16

ஹோல்டன் மூன்றாம் முறையாகக் கேட்டார். இந்த வழக்கைப் பற்றி இனி ஒரு வரிகூட எழுதமாட்டேன் என்றேன். "அப்ப வேற ஆளுக்குக் குடுப்பேன்." "குடுங்க" என்றேன்.

ஜனவரி 20

ஊரில் யாரிடம் முதலில் சொல்ல வேண்டுமோ அவர்களிடம் நோன்பை மீறியதை டெல்வின் சொல்லிவிட்டான். அவர்கள் என்ன சொன்னார்கள் என்பது நான் எழுதுவதற்கல்ல. இந்த நாட்குறிப்பில்கூட.

ஜனவரி 22

ஓவர்பி அலுவலகம். நான் கூடவே உட்கார்ந்தேன்.

"முதல்ல ஏன் இல்லன்னு சொன்னீங்க?"

"போகக்கூடாத நாள்ல போனேன்."

"கடைக்குப் போறது குற்றமா?"

"உங்க சட்டத்துல இல்ல."

அவர் பேனாவை வைத்தார். பிறகு, கார்டெலின் வழக்கறிஞர் இதை விடமாட்டார் என்றார்.

விடவில்லை. மாலைக்குள் அவரது அறிக்கை வந்தது: சாட்சி பொய் சொல்பவர் என்பது நிரூபணமானது. அதுவே நாளைய தலைப்பு. எழுதியது ஹோல்டன் தேடிப்பிடித்த வேறு ஆள். ஒரு எழுத்துக்கூடத் தவறில்லை. நான் எழுதியிருந்தாலும் அப்படித்தான் எழுதியிருப்பேன். அச்சுப்படியைக் கசக்கி அடுப்பில் போட்டேன்.

ஜனவரி 23

இன்று வெர்னா சிரிக்கவில்லை. மிளகாய்க் கறிக் கிண்ணத்தை டெல்வின் முன்னால் கொஞ்சம் ஓசையோடு வைத்தாள். "சாப்புடு. கோர்ட்டுல போய் மயங்கி விழுந்து வைக்காத."

ஜனவரி 30

கார்டெல் கடையை மறுபடி திறந்துவிட்டான், நானே பார்த்தேன். சோளக்கதிர் போட்டவை ஜன்னலில் இல்லை. அச்சில் வார்த்ததை விற்ற குற்றச்சாட்டு ஆய்வறிக்கையின் பலத்தில் நிற்கிறது. டெல்வினின் குறியைத் திருடியதான குற்றச்சாட்டை நேற்று கைவிட்டார்கள். இரண்டையும் சொன்னவர் ஓவர்பி.

மலைச்சிங்கத்தைத் திருப்பித் தரக் கோரும் மனு பிப்ரவரி 19 அன்று நீதிபதி முன் வருகிறது. தூளின் ஆய்வு முடிவும் அன்றுதான். அதுவரை சான்றுப் பையைத் திறந்து அதன் வாயில் கொஞ்சம் சோள மாவு வைக்க டெல்வின் அனுமதி கேட்டிருக்கிறான். மேலே கேட்டுத் திங்கட்கிழமைக்குள் சொல்வதாக ஓவர்பி சொல்லியிருக்கிறார்.