சம்பந்தியைத் தடை செய்தது

ஆவணி 5, வியாழன் (ஆகஸ்ட் 21)

காலையிலேயே புழுக்கம். கொள்ளிடத்தில் தண்ணீர் போகிறது, காற்றுதான் இல்லை. மின்கட்டணம் செலுத்தியாயிற்று. கண் சொட்டு மருந்து வாங்க வேண்டும்.

விழித்ததும் கைப்பேசியில் முதல் அறிவிப்பு: "உங்கள் நண்பர் உங்களைத் தோட்டத்துக்கு அழைக்கிறார்." நண்பர் அல்லர், சம்பந்தி. என் மகள் ரஞ்சனியின் மாமனார். துறையூரில் உரக்கடை வைத்திருந்தவர். முழங்கால் வலி வந்தபின் கடையை மூத்த மகனிடம் விட்டுவிட்டு வீட்டோடு இருப்பவர். (இனி, சம்.) பொம்மை வயல், பொம்மை மாடு, பல்லைக் காட்டும் கத்தரிக்காய். பக்கத்து வயலை நான் எடுத்துக்கொண்டு அவருடைய பயிருக்குத் தண்ணீர் ஊற்ற வேண்டுமாம். எனக்கு எழுபத்திரண்டு வயது.

பத்திரப் பதிவு அலுவலகத்தில் இருந்த காலம் முழுவதும், தேதி பிழையான ஓர் ஆவணத்தைக்கூட உள்ளே விட்டவன் அல்லன். இந்தக் கத்தரிக்காயை நிறுத்தத் தெரியவில்லை.

இதுவரை தடை செய்தவை:
தோட்டம் (பழையது).
மிட்டாய் உடைப்பது.
சீட்டு. இதை அனுப்பியவர் சம். அல்லர், உடன் வேலை பார்த்தவர். ஒருமுறை கண்டித்தேன், நின்றது.
தோட்டம் (புதியது, கோழிகளுடன்). தடை செய்த மறுநாளே மீன் பண்ணை. இன்று மூன்றாவதாக இன்னொரு தோட்டம்.

சம்பந்தியைக் கண்டிக்க முடியுமா? பெண்ணைக் கொடுத்த இடம். அவர் காபியில் சர்க்கரை அதிகம் என்றால் அதிகம்தான். சரோஜாவிடம் முறையிட்டேன். "ஒரு பொம்மைக்குத் தண்ணி ஊத்துனா கையா தேஞ்சுடும்?" என்று கேட்டுவிட்டு அடுப்படிக்குப் போய்விட்டாள். மனைவியின் ஆதரவு இவ்வளவே.

இவ்வழைப்புகளை மனிதர் அனுப்புவதில்லை, விளையாட்டே அவர்களுடைய பெயரை எடுத்துத் தானாக அனுப்புகிறது என்று நாளிதழில் படித்த நினைவு. அப்படித்தான் இருக்க வேண்டும். வளர்ந்த மனிதர் ஒருவர் இதைச் செய்வாரா?

ஆவணி 6, வெள்ளி (ஆகஸ்ட் 22)

காலை முழுதும் கைப்பேசியின் அமைப்புகளில் கழிந்தது. ஒரு கதவைத் திறந்தால் உள்ளே வேறு கதவு. அதற்குள் நீளமாக ஒரு வரிசை: பிறந்தநாள், நினைவுகள், நேரலை, விளையாட்டு. எல்லாவற்றையும் அணைத்தேன். பிற்பகல் உறங்கினேன்.

மாலையில் ரஞ்சனி தொலைபேசியில். காலையில் ஸ்கேன் எடுத்து, குழந்தை நன்றாக இருக்கிறது என்று எழுதியிருக்கிறாள். பதில் இல்லை என்று அவளுக்கு வருத்தம். "பாக்கக்கூட இல்லையாப்பா?" கத்தரிக்காயை அணைக்கப் போய் மகளையும் அணைத்திருக்கிறேன். எல்லாவற்றையும் மறுபடி திறந்தேன். திறந்த மாத்திரத்தில் மீன் பண்ணை.

குறிப்பு: வளைகாப்பு ஆவணி 15, ஞாயிறு, துறையூரில் அவர்கள் வீட்டில். முடிந்த கையோடு பிரசவத்துக்கு ரஞ்சனியை இங்கே அழைத்து வருகிறோம். உள்ளறைக்கு வெள்ளை அடித்தாயிற்று. சரோஜா தொட்டில் கொக்கியைப் பிடித்துத் தொங்கிப் பார்த்தாள். விழுந்திருந்தால் யார் பார்ப்பது?

ஆவணி 8, ஞாயிறு (ஆகஸ்ட் 24)



உத்திர வீதியில் துக்கம் விசாரிக்கப் போனேன். பழைய அண்டை வீட்டுக்காரர் காலமாகி மூன்று நாள். அவருடைய மனைவி அழுதுகொண்டிருந்தார். ஒலியை நிறுத்தலாம் என்று கைப்பேசியை வெளியே எடுத்தேன். விரல் பட்ட இடத்தில் அழைப்பு திறந்துகொண்டது. முதலில் நாதசுரம் போல ஏதோ, பிறகு மாடு. மா என்று நீளமாக, கூடம் அதிர. அந்த அம்மாள் அழுகையை நிறுத்திவிட்டுப் பார்த்தார். மூலையில் யாரோ, "மாட்டை அவுத்து விட்டுட்டு வந்துருக்காரு" என்று சொன்னது காதில் விழுந்தது. சிரிப்பை அடக்கும் இருமல்கள். விடைபெறாமலே வெளியேறினேன். துக்க வீட்டில் சொல்லிக்கொள்ளக் கூடாது என்பது அந்த ஒரு நேரத்தில் உதவியது.

வீடு வரும் வழியில், கோபுரத்தடியில் நின்றபடியே, அழைப்பின் ஓரத்தில் உள்ள புள்ளிகளை அழுத்தினேன். அழைப்பை மறைக்க, விளையாட்டைத் தடுக்க, ஆளைத் தடை செய்ய. முதல் இரண்டையும் இத்தனை மாதமாக அழுத்தி என்ன கண்டேன்?

ஆளைத் தடை செய்தேன்.

ஆவணி 9, திங்கள் (ஆகஸ்ட் 25)

அமைதி. அறிவிப்பு ஒன்றே: பல் மருத்துவர் நினைவூட்டல். தூறல். இரண்டு தோசை கூடுதலாகச் சாப்பிட்டேன்.

ஆவணி 10, செவ்வாய் (ஆகஸ்ட் 26)

அமைதி நீடித்தது ஒரு நாள்.

ரஞ்சனி அழைத்தாள். குரல் தணிந்திருந்தது, மாமியார் அருகில் இருந்திருக்க வேண்டும். "அப்பா, மாமாவ பிளாக் பண்ணீங்களா?" நான் பதில் சொல்வதற்குள், "ஆமான்னு சொல்லிடாதீங்க" என்றாள்.

நடந்தது இது. நான் போட்டிருந்த தேர்ப் படத்தைச் சம். தம் தங்கை கணவருக்குக் காட்ட விரும்பியிருக்கிறார். "எங்க சம்பந்தி எடுத்தது" என்று தேடினால் படமும் இல்லை, நானும் இல்லை. செத்துக் கித்துப் போய்விட்டேனா என்று பதறியிருக்கிறார். மாப்பிள்ளையின் தங்கை கைப்பேசியை வாங்கிப் பார்த்து, அந்த விருந்தாளியின் எதிரிலேயே விஷயத்தைச் சொல்லிவிட்டாள். அதன்பின் சம். யாரோடும் பேசவில்லை. இரவு உணவின்போது ஒரே வாக்கியம்: "பொண்ணைக் குடுத்துட்டு வாசக்கதவைச் சாத்திட்டாரு."

மாமியார் சோறு பரிமாறிக்கொண்டே, பிரசவம் இங்கேயே பார்த்துக்கொள்ளலாமே, எதற்கு அலைச்சல் என்றாராம். சம். மறுக்கவில்லை.

முதல் பிரசவம். தாய்வீட்டுக்கு அனுப்பாத வழக்கம் எந்த ஊரில்? ஒரு பொம்மை மாட்டுக்காகவா?

சரோஜா என்னோடு பேசவில்லை. தட்டை வைக்கும் ஓசையில் எல்லாம் சொல்லிவிட்டாள்.

ஆவணி 12, வியாழன் (ஆகஸ்ட் 28)

கடும் வெயில். தொலைபேசியில் சம். கிடைக்கவில்லை. காலையில் குளிக்கிறார், பகலில் உறங்குகிறார், மாலையில் மறுபடியும் குளிக்கிறார். முழங்கால் வலிக்காரர் இவ்வளவு குளிக்கலாமா?

தடையை நீக்கினேன். நீக்கினால் பழையபடி ஆகிவிடும் என்றல்லவா எண்ணினேன்? இல்லை. உறவு அறுந்தது அறுந்ததுதான். புதிதாக நான் நட்பு கோர வேண்டுமாம். கோரினேன். அழைப்புகளை நிறுத்துவதற்காக இத்தனை பாடுபட்ட நான், அவருக்கு அழைப்பு அனுப்பிவிட்டு உட்கார்ந்திருக்கிறேன். "காத்திருக்கிறது" என்று சாம்பல் நிறத்தில் ஒரு சொல். அரை மணிக்கு ஒருமுறை எடுத்துப் பார்க்கிறேன். இது எனக்கு எப்படிப்பட்ட அவமானம் என்பதை இங்கே மட்டும் எழுதிக்கொள்ளலாம்.

இரவு உணவின்போது சரோஜா வாய் திறந்தாள். என்ன சொல்ல வேண்டும் என்று பாடம் நடத்தினாள். கை தவறிப் பட்டுவிட்டது, கண் சரியாகத் தெரியவில்லை, சொட்டு மருந்து போட்டிருந்தேன். பொய் சொல்ல மாட்டேன் என்றேன். "உங்க நேர்மையை வச்சுத் தொட்டில் கட்டிக்கலாம்" என்றாள்.

ஆவணி 14, சனி (ஆகஸ்ட் 30)

பெரிய கடை வீதி. கண்ணாடி வளையல் (பச்சை, சிவப்பு, கறுப்பு கலக்காமல்), சந்தனம், மஞ்சள், பூவுக்கு முன்பணம், தாம்பூலப் பைகள். வாகனம் காலை ஆறு மணிக்கு. கலந்த சாதம் ஐந்து வகை, சமையல்காரர் நேரே துறையூருக்கு வருகிறார். சாம்பல் நிறச் சொல் மாறவில்லை.

மாப்பிள்ளையிடமிருந்து செய்தி, மிக மரியாதையாக: "அழைச்சிட்டுப் போறதைப் பத்தி நாளைக்கு நேர்ல பேசிக்கலாம் மாமா."

உள்ளறையில் புது மெத்தையின் பிளாஸ்டிக் உறையைச் சரோஜா பிரிக்கவில்லை. ஏன் என்று நான் கேட்கவில்லை.

ஆவணி 16, திங்கள் (செப்டம்பர் 1)

நேற்று எழுத இயலவில்லை. நடந்ததை வரிசையாக எழுதுகிறேன்.

வளைகாப்பு குறையின்றி நடந்தது. ரஞ்சனி முழங்கை வரை வளையல். சம். வாசலில் நின்று எல்லோரையும் வரவேற்றார். என்னை வரவேற்கும்போது மட்டும் யாரோ கூப்பிட்டதுபோல் திரும்பிக்கொண்டார். உணவு முடிந்தது. நாலரைக்கு ராகு காலம். அதற்குள் கிளம்பியாக வேண்டும். மூன்றரைக்குச் சம்பந்தி அம்மாள் சரோஜாவின் அருகில் வந்து உட்கார்ந்தார். மண்ணச்சநல்லூர்ச் சாலை குலுக்கி எடுக்கிறது, பெண்ணுக்கோ இடுப்பு வலி, இங்கேயே நல்ல மருத்துவமனை இருக்கிறது என்றார். சரோஜா என்னைப் பார்த்தாள். அந்தப் பார்வையோடு ஒரே கூரையின் கீழ் மிச்ச நாளைக் கழிக்க முடியாது.

உள்ளே போனேன். சம். கட்டிலில் காலை நீட்டி உட்கார்ந்திருந்தார். கைப்பேசி கவிழ்த்து வைக்கப்பட்டிருந்தது. சரோஜாவின் பாடத்தை ஒப்பித்தேன். "சம்பந்தி, போன்ல கை தவறிப் பட்டுடுச்சு. தப்பா எடுத்துக்காதீங்க."

அவர் என் முகத்தைப் பார்க்காமலே சொன்னார்: "கை தவறுனா ஒரு தடவை படும்ங்க. அது திரும்பத் திரும்பக் கேக்குமே, நிச்சயமா, நிச்சயமான்னு. அத்தனைக்கும் ஆமான்னு அமுக்கினாத்தான் ஆள் போவாரு."

பொய்ச் சாட்சிகள் இப்படி அகப்பட்டு விழிப்பதை என் மேசைக்கு எதிரில் எத்தனையோ முறை பார்த்திருக்கிறேன். எதிர்ப்பக்க நாற்காலியில் நான் இருந்தது இதுவே முதல்.

கோபம் வந்துவிட்டது. அவர் மீதா, என் மீதா, சரோஜாவின் பாடத்தின் மீதா என்று பிரித்துப் பார்க்க நேரமில்லை. வேண்டுமென்றேதான் அழுத்தினேன் என்றேன். துக்க வீட்டில் மாடு கத்தியதைச் சொன்னேன். இயந்திரம் உங்கள் பெயரில் அனுப்புகிறது என்றல்லவா நினைத்தேன், இயந்திரத்தைத் தடுப்பதில் என்ன தவறு என்றேன்.

"மெஷின் எங்கங்க அனுப்புச்சு? நான்தான் அனுப்புனேன். தெனமும் உங்க பேரைத் தேடி எடுத்துத் தொட்டு."

எதற்கு என்று கேட்டேன்.

"பின்ன போன் போட்டு நாம என்ன பேசுறது? சாப்டீங்களாம்பேன். ஆச்சும்பீங்க. வெச்சுரட்டுமாம்பீங்க. கடையில இருந்தவரைக்கும் யாராச்சும் வந்து உக்காந்து பேசிட்டே இருப்பாங்க. இப்ப யாரு வர்றா? பக்கத்து வயலாச்சும் உங்களோடதா இருக்கட்டுமேன்னு பாத்தேன்."

 அவர் சொன்னதில் "ஆச்சு", "வெச்சுரட்டுமா" இரண்டும் என்னுடையவைதாம், சொல் மாறாமல். இருந்தும் கோபம் இறங்கவில்லை. இதை வாயால் சொல்ல வேண்டியதுதானே? கத்தரிக்காயை அனுப்பினால் ஒருவனுக்கு எப்படி விளங்கும்?

வளையல் ஓசை கேட்டுத் திரும்பினால் ரஞ்சனி. கதவைப் பிடித்துக்கொண்டு, இன்னொரு கை இடுப்பில். எப்போதிருந்து நின்றாளோ. எங்கள் இருவரைக் காட்டிலும் அவளுக்கே கோபம் அதிகம்.

"நான் எங்க புள்ள பெத்துக்கணும்னு உங்க ரெண்டு பேரு போன்தான் முடிவு பண்ணுமா? மாமா, நான் அம்மா வீட்டுக்குப் போறேன். போகட்டுமான்னு கேக்கல, சொல்றேன்."

பிறகு என் பக்கம். "அப்பா, மாமா ஞாயித்துக்கிழமை ஞாயித்துக்கிழமை என்னைப் பாக்க வருவாரு. நீங்க எதிர்ல உக்காந்து பேசணும். பேப்பரை விரிச்சு மூஞ்சிய மறைச்சுக்கக் கூடாது."

சம். முழங்காலைத் தடவியபடி, "நான் வர்றது அவருக்குச் சம்மதமான்னு கேளும்மா" என்றார்.

"வாங்க" என்றேன்.

"நிச்சயமாங்களா?"

"ஆமாங்க."

"நிச்சயமா?" என்று மறுபடியும் கேட்டார். முகத்தில் சிரிப்பில்லை, இருந்ததோ என்னவோ, அந்த அறையில் வெளிச்சம் போதாது. அதற்கும் ஆமென்றேன்.

நாலேகாலுக்குக் கிளம்பினோம். சம்பந்தி அம்மாள் காரின் ஜன்னலுக்குள் கைவிட்டு ரஞ்சனியின் நெற்றியைத் தொட்டார். சம். வாசற்படியோடு நின்றுவிட்டார். வழியில் மழை பிடித்துக்கொண்டது.

இன்று உள்ளறையில் ரஞ்சனி உறங்குகிறாள். புது மெத்தை. சரோஜா எனக்குக் காபி கொடுத்தாள், கையில்.

ஆவணி 17, செவ்வாய் (செப்டம்பர் 2)

வானம் மூடியிருக்கிறது. கைப்பேசியில் நட்பு ஏற்கப்பட்டது. அழைப்பு ஏதும் வரவில்லை, கத்தரிக்காயோ மீனோ. நேற்று வராதது சரி. இன்றும் வராதது எரிச்சலாக இருக்கிறது. ஏன் என்று தெரியவில்லை.

ஞாயிற்றுக்கிழமை பேசுவதற்குச் செய்திகள்:
1. மேட்டூர் நீர்மட்டம்.
2. அவருடைய முழங்கால். (மருத்துவர் யார்? எண்ணெய் தடவுகிறாரா?)
3.

வாசலில் ஆட்டோ. இந்நேரத்துக்கு யார் என்று எட்டிப் பார்த்தால் சம். ஒரு கையில் ஊன்றுகோல், இன்னொரு கையில் மரவள்ளிக்கிழங்குப் பை. ஆட்டோக்காரனோடு பச்சைமலை மழையைப் பற்றிப் பேச்சு. ஞாயிறு என்றல்லவா ஏற்பாடு? ஞாயிறு ஆவணி 22. இன்று 17. ஒரு தேதியைக் குறித்துக்கொண்டால் அந்தத் தேதிக்கு வரத் தெரியாதா? சரோஜா கொல்லையில், ரஞ்சனி உறக்கத்தில். நான்தான் போய்க் கதவைத் திறக்க வேண்டும். மூன்றாவது இன்னும் கிடைக்கவில்லை.