சவரியார் திருநாளில் கொடுத்த சம்மன்

பிடோக், சிங்கப்பூர்,
10.12.1983

அன்பு மகன் அருளானந்தத்துக்கு அம்மா எழுதுவது. மாதா புண்ணியத்தில் சுகமாக இருக்கிறேன், அதிலும் இந்த வாரம் ரொம்பவே சுகம், காரணம் கீழே வரும். லண்டன் குளிரில் உன் நெஞ்சுச்சளி எப்படி இருக்கிறது?

உன் தங்கை ஜோதி விவாகரத்து கேட்டு மனுப் போட்டு ஒன்றரை வருஷம் ஆகிறது, கேஸ் ஓர் அடி நகரவில்லை, ஏனென்றால் அவள் புருஷன், அந்த மகராசன், சம்மனையே வாங்கவில்லை. கல்யாணப் பதிவில் கோயில் சாமியார் அவன் பெயரைச் சேவியர் ராஜ் என்று எழுதியதைப் பார்த்து வக்கீல் அதே பெயரில் மனுப் போட்டுவிட்டார், அவன் ஐ.சி. அடையாள அட்டையிலோ சவரிராஜ். சேவியரும் சவரியும் ஒரே புனிதர் என்று நமக்குத் தெரியும், சம்மன் கொடுக்கப் போகும் வக்கீல் ஆபீஸ் மருதப்பன் இந்து, அவருக்கு எங்கே தெரியும்? மூன்று தடவை செம்பவாங்கில் அவன் வீட்டுக்குப் போனார், மூன்று தடவையும் கம்பிக்கதவுக்குப் பின்னால் நின்றுகொண்டு சேவியரா, அப்படி யாரும் இங்க இல்ல லா என்று திருப்பி அனுப்பிவிட்டான். பெயரைத் திருத்திப் புதிதாகப் போட்டால் இன்னும் ஆறேழு மாதம் என்றார் வக்கீல். குழந்தை ரூபி அவன் பிடியில் இருக்கிறாள், ஞாயிறு ஒரு மணி நேரம்தான் கண்ணில் காட்டுகிறார்கள். போன மாதம் பெற்ற தாயை ஆன்ட்டி என்று கூப்பிட்டது அந்தப் பிள்ளை. இவனை நாலு பேர் முன்னால் நிற்க வைக்காமல் விடுவதில்லை என்று அன்றைக்கே முடிவு செய்தேன்.

மூன்றாம் தேதி சவரியார் திருநாள், அவன் பெயர்கொண்ட புனிதரின் நாள். வருஷா வருஷம் அவன் கோயில் பாடகர் குழுவுக்குக் கேக் வெட்டுவானே, நீயும் தின்றிருக்கிறாய். மருதப்பனைக் கூட்டிக்கொண்டு போய்க் கடைசி பெஞ்சில் உட்கார்ந்தேன், பாவம், நான் எழுந்தால் எழுந்தார், முழங்காலிட்டால் முழங்காலிட்டார். பூசை முடிந்து எல்லாரும் ஹேப்பி ஃபீஸ்ட் டே சேவியர் என்று கை கொடுக்க, பல்லெல்லாம் தெரியத் தேங்க்யூ சொன்னான். நானும் வரிசையில் நின்றேன். சேவியர், உங்களுக்கு ஒண்ணு கொண்டாந்திருக்கேன் என்று சொல்லி விலகினேன், மருதப்பன் உறையை அவன் கையில் வைத்தார். அவன் முகத்தை நீ பார்த்திருக்க வேண்டும்! இது என் பேரே இல்ல என்று முனகினான். பாட்டுக்கார உர்சுலா, அப்ப யாருக்கு லா இந்தக் கேக்கு என்று சத்தமாகவே கேட்டுவிட்டாள். அத்தனை பேர் சாட்சி, இனி சேவியர் நானில்லை என்று அவன் சொல்ல முடியாது. ஜனவரி இருபதாம் தேதி விசாரணை, குழந்தையை நம்மிடம் ஒப்படைக்கச் சொல்லியும் அன்றே கேட்போம் என்கிறார் வக்கீல்.

அவனை மன்னித்துவிடுங்கள் அம்மா என்று எழுதியிருந்தாய். நேற்று பாவசங்கீர்த்தனத்தில் என் பாவங்களைச் சொல்லப் போய், கோயில் வாசலில் ஒருத்தனைத் தலைகுனிய வைத்தேன், அது எனக்கு இனித்தது என்று சொன்னேன். மனஸ்தாபப்படுறீங்களாம்மா, செஞ்சது தப்புன்னு வருந்துறீங்களா என்றார் சாமியார். இல்லை சாமி என்றேன். அப்படின்னா மன்னிப்புக் குடுக்க முடியாதும்மா என்றார். எழுந்து வந்துவிட்டேன். இந்தக் கிறிஸ்துமஸ் பூசையில் எனக்கு நற்கருணை நன்மை கிடையாது. ரூபி வீடு வந்து சேரட்டும், அதற்குப் பிறகு மனஸ்தாபப்படுகிறேன்.

சளிக்கு மருந்தை நிறுத்தாதே. கர்த்தர் உன் போக்கையும் வரத்தையும் ஆசீர்வதிக்கட்டும். அவனுக்கு மட்டும் கிறிஸ்துமஸ் கார்டு அனுப்பிவிடாதே.

இப்படிக்கு,
உன் அம்மா