கேக்குக்குப் பிறகு சாப்பாடு

இஞ்சருங்கோ,

மகளின்ர கலியாண வரவேற்புச் சட்டை தைச்சு முடிஞ்சுதாம். அவளோட யாழ்ப்பாணம் போறன். சோறும் மீன்குழம்பும் குசினியில மூடியிருக்கு. வெளிய போனால் வீட்டைப் பூட்டித் திறப்பைப் பக்கத்து வீட்டு றோசம்மாக்காவிட்டக் குடுங்கோ.

வரவேற்பு நிகழ்ச்சி ஒழுங்கு எழுதின தாளை வாங்க அறிவிப்பாளர் சுபேசன் வருவார். நீங்கள் எழுதினதைக் குடுக்காதேங்கோ. நான் மாத்தி எழுதி மேசையில வைச்சிருக்கிறன். கேக் வெட்டின கையோட சாப்பாடு. உங்கட கனடா அண்ணையின்ர பேச்சு அதுக்குப் பிறகு. கோவிச்சால் கோவிக்கட்டும். அவரின்ர பிளேன் அடுத்த கிழமைதான். நெடுந்தீவுக்குக் கடைசி போட் அண்டைக்குப் பின்னேரமே வெளிக்கிட்டிடும். பேச்சு முடியுமட்டும் இருந்தால் எங்கட நெடுந்தீவு ஆக்கள் பசியோடதான் ஓடவேணும்.

"சாப்பாடு கடைசியில வைக்கிறதுதானே வழமை" எண்டு நேற்றுக் கத்தினீங்கள். எங்கட கலியாணத்திலயும் அதுதான் வழமை. அண்டைக்கு என்னைப் பெத்த ஐயா சாப்பிடாமல்தான் போட் ஏறினவர். நீங்கள் படம் எடுக்க நிண்டனீங்கள், காணேல்லை.

றஜனி

சொல்ல மறந்திட்டன்: ஐயா இந்தமுறையும் வாறார். முதற்பந்தியில இருத்தி, சோறு நீங்கள் போடுங்கோ. நான் சொன்னதெண்டு அவருக்குத் தெரியவேண்டாம்.