மோர்க்காரி பாடாத வரி

அம்மா,

அப்பாவுக்கு இரண்டு நாளாக இருமல். நேற்றுப் பள்ளி விட்டு வரும்போது மார்க்கெட் பக்கத்து நாட்டு மருந்துக் கடையில் சுக்கும் திப்பிலியும் கேட்டேன். கடைக்காரர் அவற்றைக் கட்டிவிட்டு, நான் கேட்காமலே இன்னொரு டப்பாவைத் திறந்தார். அதிமதுரத்தின் வாசனை வந்தது. நல்ல குச்சிகளாகப் பொறுக்கிக் காகிதத்தில் மடித்தபடி, "இன்னா பாப்பா, ரொம்ப நாளா ஆளையே காணோம்? அம்மாவுக்கு நாடகம் ஜாஸ்தியா?" என்றார்.

"ஆமாங்க" என்று சொல்லிவிட்டேன்.

நீ போய் மூன்று மாதம் முடிந்துவிட்டது. அவருக்கு அது தெரியவில்லை. ஒரு நடிகையின் தொண்டைக்குச் சரக்கு கொடுக்கிற பெருமை அவர் முகத்தில் தெரிந்தது. அதைக் கலைக்க எனக்கு மனம் வரவில்லை. வீட்டுக்கு வந்து ஒரு குச்சியைக் கன்னத்தில் அடக்கிக்கொண்டேன். முதலில் வெறும் மரத்துண்டு போலத்தான் இருந்தது. தித்திப்பு மெள்ளத்தான் வந்தது. நாடகத்துக்குக் கிளம்பும் நாளில் நீ மத்தியானத்திலிருந்தே பேசமாட்டாய். கன்னத்தில் இந்தக் குச்சி இருக்கும், எல்லாவற்றுக்கும் சைகைதான். நான் தலை பின்ன நேரமாக்கினால் 'ஜல்தி' என்று விரலைச் சொடுக்குவாய்.

நீ ஸ்திரீபார்ட். என் வகுப்பில் பலருக்கு அந்தச் சொல் தெரியாது. நாடகத்தில் கதாநாயகி, பாட்டும் அவரே பாடவேண்டும் என்று விளக்குவேன். எட்டாம் வகுப்போடு படிப்பை விட்டு, பதினேழு வயதில் மேடை ஏறி, இருபத்து மூன்று வருடம் ராணியாகவே இருந்தாய். ஓமந்தூரிலும் கெடாரிலும் உன் பெயரைச் சொன்னால் யோசிப்பார்கள். மோர்க்காரி என்றால் உடனே தெரிந்துவிடும்.

அது உன் நாடகத்தில் ஒரு காட்சி. எதிரியின் கோட்டையில் ராஜா சிறையில் இருக்கிறார். ராணி மோர்ப்பானையைத் தலையில் வைத்துக்கொண்டு மாறுவேடத்தில் வருகிறாள். வாசலில் காவல்காரன் மறிக்கிறான். அவன் கேட்கும் கேள்விக்கெல்லாம் அவள் பாட்டிலேயே பதில் சொன்னால்தான் கதவு திறக்கும். மற்ற காட்சிகளுக்கு எழுதிவைத்த வசனம் உண்டு. இதற்குக் கிடையாது. காவல்காரனாக வரும் ராஜபார்ட் நடிகர் வாயில் வந்ததைக் கேட்பார், நீ நின்ற இடத்தில் கட்டிப் பாடவேண்டும். கேள்வி முடிந்ததும் ஆர்மோனியம் மூன்று சுற்று வாசிக்கும். அதற்குள் நீ எடுக்கவில்லை என்றால் காவல்காரனே பாட்டை முடித்துக் கதவைத் திறந்துவிடுவார். கதை நகர்ந்துவிடும். ஆனால் ஸ்திரீபார்ட் தோற்றுவிட்டாள் என்று அடுத்த ஊருக்குச் செய்தி போய்விடும்.

நீ பதிலுக்கு என்னைத்தான் நம்பினாய். ஏழாம் வகுப்பிலிருந்தே நான் பள்ளி நூலகத்துப் புத்தகங்களை அள்ளிக்கொண்டு வருவேன். நீ துணி துவைத்துக்கொண்டோ, மல்லாட்டைக் கடலை உரித்துக்கொண்டோ இருப்பாய். நான் துடைப்பத்தை ஈட்டி மாதிரி பிடித்துக்கொண்டு காவல்காரனாக நிற்பேன்.

"நில்லடி மோர்க்காரி! கண்ணை மூடாமல் தூங்குவது எது?"

"காவக்காரன் குரலு இப்பிடி கீச்சு கீச்சுன்னு இருந்தா கோட்டைய எப்பவோ புடிச்சிருப்பானுங்க" என்று சிரிப்பாய். பிறகு, "எதுடி அது?" என்பாய்.

"மீன். அதுக்கு இமையே கிடையாதும்மா. புத்தகத்துல போட்டிருக்கு."

"இமை இல்லியா? அய்யோ பாவம்."

அவ்வளவுதான் நான் கொடுத்தது. துணியைப் பிழிந்து உதறும் நேரத்துக்குள் நீ பாடினாய்:

"இமையில்லா மீனுக்கு உறக்கமுண்டு காவலரே,
இமையிருந்தும் உறங்கவில்ல, எம்புருசன் உள்ளிருக்க."

ஒரு புத்தகச் செய்தி உன் வாய்க்குள் போய் இப்படி வெளியே வரும் என்று எனக்கு அதுவரை தெரியாது. அந்த வரிகளை வரிசை எண் போட்டு நோட்டில் எழுதத் தொடங்கினேன். நோட்டு இரண்டாகி, மூன்றானது. ஊர் மாறினாலும் கேள்விகள் சுற்றிச் சுற்றி அவையேதான் வரும்; நோட்டில் இருந்த பதிலை நீ ஒவ்வொரு ஊரிலும் புதிதுபோல எடுப்பாய்.

உனக்கு நாற்பது ஆனபோது நாடக ஏஜெண்ட் மாமா பேச்சுவாக்கில், "அடுத்த வருசம் ராஜமாதா வேசம் எடுத்துக்கயேம்மா. வேல கம்மி, மரியாத ஜாஸ்தி" என்று சொல்லிப் பார்த்தார். நீ அவருக்குத் தேநீர் ஊற்றிக் கொடுத்தாய். அவர் போனபிறகு கண்ணாடி முன்னால் நின்றுகொண்டு என்னிடம் சொன்னாய்: "மூஞ்சிக்கு வயசாவும் பாப்பா. பதிலுக்கு வயசாவாது." புதிதாக வந்த பெண்கள் உன்னைவிட அழகாக இருந்தார்கள். உன்னைவிட ஏற்றிப் பாடவும் சிலரால் முடிந்தது. கோட்டை வாசலில் மட்டும் அவர்களால் உன்னை வெல்ல முடியவில்லை. நீ ராணியாக நீடித்தது அந்த ஒரு காட்சியால்தான். அது எனக்கும் தெரியும். தெரிந்திருந்தும்தான் அதைச் செய்தேன்.

பதினொன்றாம் வகுப்புக் காலாண்டு விடுமுறையில் அப்பாவின் போன் என் கையில் இருந்தது. உன்னை உலகத்துக்கே காட்டவேண்டும் என்று ஆசை வந்தது. 'மோர்க்காரி மகள்' என்று ஒரு சேனல் தொடங்கினேன். முதலில் என் குரலில் கேள்வி, பிறகு உன் பாட்டு. துவைக்கும் கல் பக்கத்தில் காலை வெயிலில் ஒவ்வொன்றாகப் பாடவைத்தேன்.

பத்துப் பாட்டு முடிந்ததும், "போதும் பாப்பா" என்றாய்.

"இன்னும் நோட்டுல நிறைய இருக்கும்மா."

"அத்தினியுமா போடப் போற?"

"அத்தனையும் போட்டாதாம்மா உன் திறமை தெரியும்."

நீ என்னைக் கொஞ்ச நேரம் பார்த்தாய். அப்புறம் முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு, "சரி, கேளு" என்றாய். அப்போது உனக்கு என்ன தோன்றியிருக்கும் என்று நான் ஒரு நிமிடம்கூட யோசிக்கவில்லை. எத்தனை பேர் பார்த்தார்கள் என்பதையே பார்த்துக்கொண்டிருந்தேன். மலேசியாவிலிருந்து ஒருவர் 'அருமை அம்மா' என்று எழுதியதை உனக்குப் படித்துக் காட்டினேன். நீ வெட்கப்பட்டாய்.

தை மாதத்தில் விழுப்புரத்தில் நாடகக்காரர்கள் கூடும் நாள் வந்தது. பகல் பொழுது, கல்யாண மண்டபம். ஒவ்வொரு ஜோடியும் ஒரு காட்சி நடித்துக் காட்டும். சுற்று ஊர்களிலிருந்து திருவிழாக்காரர்கள் தாம்பூலத் தட்டோடு வந்து உட்கார்ந்திருப்பார்கள். பார்த்துவிட்டு, பிடித்தவருக்குத் தாம்பூலம் கொடுப்பார்கள். அந்த வருடம் எந்த ஊரில் யாருக்கு என்ன வேடம் என்பது அங்கேயே முடிவாகிவிடும். அப்பாவுக்கு மண்டியில் மூட்டை தைக்கிற வேலை இருந்ததால் வரவில்லை. நான் மூன்றாவது வரிசையில், பெண்கள் பக்கம் உட்கார்ந்திருந்தேன்.

உன்னோடு நடிக்கும் ராஜபார்ட் ஏழுமலை மாமாதான் காவல்காரன். ஈட்டியை ஊன்றி, உனக்குப் பிடித்த கேள்வியையே கேட்டார். நீ "இமையில்லா மீனுக்கு" என்று எடுத்தாய். பின்வரிசையில் இருந்த பையன்கள் மீதியை உனக்கு முன்னால் பாடி முடித்தார்கள். மண்டபம் சிரித்தது. நீயும் சிரித்துச் சமாளித்தாய். இரண்டாவது கேள்விக்கும் அப்படியே நடந்தது. மூன்றாவதற்கு, நீ வாயைத் திறக்கும் முன்பே ஏழுமலை மாமா உன் குரல் மாதிரியே இழுத்துப் பாடிக்காட்டினார்.

"புச்சா எதுனா ஊத்து மோர்க்காரி! இதெல்லாம் போன்லயே குடிச்சாச்சு!"

அப்போதுதான் புரிந்தது. உன் பானையில் இருந்ததை எல்லாம் நான் காலி செய்து வைத்திருந்தேன்.

சிரிப்பு அடங்கியதும் ஏழுமலை மாமா குரலை மாற்றிக்கொண்டு பாடினார்:

"பானை நெறைய மோரிருந்துச்சே மோர்க்காரி, அத
ஊருக்கெல்லாம் ஊத்திவுட்டது ஆருடி?"

ஆர்மோனியம் முதல் சுற்று போனது. நீ பானையை இடுப்புக்கு மாற்றிக்கொண்டாய். இரண்டாவது சுற்றில் நேராக என்னைப் பார்த்தாய். பதில் கேட்கிறாய் என்று நினைத்தேன். எந்தப் புத்தகத்திலும் இல்லாத கேள்வி அது. தலையைக் குனிந்துகொண்டேன். மூன்றாவது சுற்று முடிந்தது. ஏழுமலை மாமா தானே பாட்டை முடித்துக் கதவைத் திறந்துவிட்டார். பின்வரிசை விசில் அடித்தது.

சாப்பாட்டுக்குப் பிறகு தாம்பூலம் மாற்றினார்கள். உன் ராணி வேடத்துக்கு ஒரு தட்டும் வரவில்லை. கெடார்க்காரர்கள் மட்டும் எழுந்து வந்தார்கள். "ராஜமாதாவுக்கு நீங்கதாங்க வரணும்" என்று பெரியவர் ஒருவர் தயங்கிச் சொன்னார். நீ இரண்டு கையாலும் வாங்கிக் கண்ணில் ஒற்றிக்கொண்டாய்.

திரும்பும் பேருந்தில் ஜன்னல் ஓரம் எனக்கு விட்டாய். விக்கிரவாண்டியில் அவித்த மல்லாட்டை வாங்கி மடியில் போட்டாய்.

"வீடியோ எல்லாத்தையும் அழிச்சிடட்டாம்மா?"

"அது இன்னாடி பண்ணுச்சு பாவம். வுடு, இருக்கட்டும். நல்லாத்தானே பாடிக்கீறேன்."

மன்னிப்புக் கேட்கவேண்டும் என்று நினைத்தேன். வாய்க்குள் வாக்கியத்தை நன்றாக அமைத்துக்கொண்டிருந்தேன். அமைத்து முடிப்பதற்குள் திண்டிவனம் வந்துவிட்டது. வீட்டில் அப்பா, "இன்னாச்சு?" என்று கேட்டதற்கு, "தொண்ட கட்டிக்கிச்சுங்க. பதிலே எழும்பல" என்றாய். அதோடு அந்தப் பேச்சு முடிந்தது.

அந்த வருடம் முழுக்க நீ நரைமுடி டோப்பா வைத்து ராஜமாதாவாக நடித்தாய். ஒரே ஒரு பாட்டு உனக்கு. கோட்டை வாசல் காட்சி வரும்போது நீ மேடைக்குப் பின்னால் மற்றவர்களுக்குப் புடவைக் கொசுவம் வைத்துக்கொண்டிருப்பாய் என்று சொன்னார்கள். நான் ஒரு ஊருக்கும் வரவில்லை. பரீட்சை என்றேன். ஐப்பசியில் காய்ச்சல் என்று படுத்தாய். நான்காம் நாள் நீ இல்லை.

பதினாறாம் நாள் காரியத்துக்கு ஏழுமலை மாமா வந்திருந்தார். கூட்டம் குறைந்தபிறகு என் பக்கத்தில் பாயில் வந்து உட்கார்ந்தார்.

"உங்கம்மாவ நான் தோக்கடிச்சேன்னு நெனச்சிக்கினு இருக்கியா பாப்பா?"

நான் பாயின் கோரையைக் கிள்ளிக்கொண்டிருந்தேன்.

"சிரிக்க வெக்கலாம்னுதான் ஆரமிச்சேன். அவ தெணர்றத பாத்ததும் பேஜாரா பூட்ச்சி. சரி, இவளுக்கு ஒரு வழி வுடுவோம்னுதான் அந்தக் கேள்விய போட்டேன். ஊத்திவுட்டது ஆருன்னு கேட்டா, 'பத்து மாசம் சொமந்து பெத்த மவதான்யா'ன்னு ஒரு வரி எடுத்தா போதும். மண்டபமே எய்ந்து கை தட்டியிருக்கும். பச்சக் கொழந்தைக்குக் கூட வர்ற பதிலு. அவளுக்கு வராதா?"

"அப்புறம் ஏன் மாமா பாடல?"

"நானும் அவளாண்ட அதத்தான் கேட்டேன். 'பொண்ணு மூணாவது வரிசையில உக்காந்துக்கினு இருக்குதுண்ணே. நான் பாடிட்டா அத்தினி பேரும் திரும்பி அதப் பாத்து சிரிப்பாங்க. அது தாங்காது'ன்னா."

எழுந்து போகும்போது என் தலையில் கையை வைத்துவிட்டுப் போனார்.

போன ஞாயிற்றுக்கிழமை மறுபடியும் அந்த நாள் வந்தது. அதே மண்டபம். வருடத்தில் மறைந்தவர்களின் பெயரைப் படித்து, வீட்டார் ஒருவரை இரண்டு வார்த்தை பேசச் சொல்வார்கள். அப்பாவும் வந்திருந்தார். உன் பெயர் வந்ததும் மேடை ஏறாமல் என் இடத்திலேயே எழுந்து நின்றேன். 'என் தாயார் இருபத்து மூன்று ஆண்டுகள்' என்று ஒரு நல்ல உரை எழுதி வைத்திருந்தேன். முதல் வரியைப் படித்தேன். இரண்டாவது வரி ஓடவில்லை. தாளை மடித்துவிட்டேன்.

"போன வருசம் இங்க அம்மாவ ஒரு கேள்வி கேட்டாங்க. மோர ஊத்திவுட்டது யாருன்னு. அம்மாவுக்குப் பதில் தெரியும். எனக்காகத்தான் பாடல. ஊத்தினது நான்தான்."

அத்தனை பேரும் திரும்பினார்கள். பின்வரிசைப் பையன்களும்தான். யாரும் சிரிக்கவில்லை. எங்கோ ஒரு நாற்காலி கிறீச்சிட்டது. ஏழுமலை மாமா துண்டால் முகத்தை மூடிக்கொண்டார். அப்பா தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

பேருந்தில் அப்பா என் பக்கத்தில் உட்கார்ந்தார். விக்கிரவாண்டி தாண்டியதும், "தொண்ட கட்டிக்கிச்சுன்னுதாம்மா எங்கிட்ட சொன்னா" என்றார். கொஞ்சம் கழித்து, "மேடையில அத்தினி பொய் சொல்றவ, வீட்ல ஒண்ணுகூட சொல்லமாட்டான்னு நெனச்சிக்கினு இருந்தேன்" என்றார். சொல்லிவிட்டு என் கையைப் பிடித்துக்கொண்டார். திண்டிவனம் வரை விடவில்லை.

சேனலை நான் அழிக்கவில்லை, அம்மா. நீ இருக்கட்டும் என்றாய். ஆனால் அதைத் திறந்து பார்க்க இன்னும் முடியவில்லை. என்னிடம் இருப்பதெல்லாம் அந்த இரண்டாவது சுற்றில் நீ என்னைப் பார்த்த பார்வைதான். பதில் கேட்கிறாய் என்று தவறாக நினைத்தேன். பிள்ளை பயந்திருக்கிறாளா என்று நீ பார்த்திருக்கிறாய். உனக்குத் தெரிந்ததெல்லாம் குனிந்திருந்த என் தலையின் வகிடு மட்டும்தான்.

இந்த முறை எல்லோரும் திரும்பிப் பார்த்தபோது நான் குனியவில்லை.